மஞ்சள் படாத ஆறு சட்டைகள்

காலையில் அந்தத் தெருவுக்குள் முதலில் வந்தது புகழேந்தியின் குரல்தான். மணி ஓட்டும் விளம்பர ஆட்டோ வேங்கிக்கால் பெரிய சாலையிலிருந்து திரும்பி, புது வீடுகளுக்கு நடுவே நடைவேகத்தில் வந்தது. அதன் கூரையில் கட்டியிருந்த இரண்டு குழாய் ஒலிபெருக்கிகளும் சேர்ந்து கூவின.

"தேரடித் தெரு பிறைநிலா ஜவுளியில் ஆடித் தள்ளுபடி. மூணு சட்டை எடுத்தா, மூணு சட்டை, இலவசம். யோசிக்காதீங்க. அள்ளிக்கிட்டுப் போங்க."

அந்தக் குரலுக்குச் சொந்தக்காரர் மாடி வீட்டில் வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். அவர் மடியில் ஆறு புதுச் சட்டைகள் இருந்தன. எதிரே, கையில் மஞ்சள் கிண்ணத்தோடு அவர் மனைவி ரேணுகாம்பாள் நின்றிருந்தாள். ஆட்டோ வீட்டைக் கடந்தபோது அவள் ஜன்னல் பக்கம் கையை நீட்டினாள். பிறகு அதே விரலால் அவரைச் சுட்டினாள். சொன்னது நீங்கள்தானே, நான் அள்ளிக்கொண்டு வந்தேன் என்று அதற்கு அர்த்தம். புகழேந்தியால் தன் குரலை மறுத்துப் பேச முடியவில்லை. சட்டைகளை இன்னும் இறுக்கிப் பிடித்துக்கொண்டார்.

குழாய் ஒலிபெருக்கிக்குப் பேசுவது ஒரு தனி வித்தை. அது கனத்த குரலைத் தின்றுவிடும். அடித்தொண்டையில் பேசினால் தெருவில் வெறும் உறுமல்தான் கேட்கும். அதனால் குரலை மூக்குக்குப் பக்கத்தில் ஏற்றிப் பேச வேண்டும். மாட வீதி போல இரண்டு பக்கமும் சுவர் எழும்பிய இடத்தில் ஒரு சொல் எதிரே மோதித் திரும்பி வரும். அது வந்து அடங்குகிற வரை அடுத்த சொல்லை விடக் கூடாது. புகழேந்தி இதையெல்லாம் ஆயுளில் பாதியைக் கொடுத்துக் கற்றவர். பீரோவைத் திறந்து, உள்ளே தொங்கும் புடவைகளுக்கு நடுவே மைக்கையும் தலையையும் நுழைத்துக்கொண்டு பதிவு செய்வார். அறையின் எதிரொலியைத் துணி குடித்துவிடும். ஊரில் பாதிக் கடைகள் அவர் குரலில்தான் பேசின. பௌர்ணமிக் கிரிவலக் கூட்டத்தில் கை தவறிப்போன பிள்ளைகளைப் பெயர் சொல்லி அழைத்ததும் அந்தக் குரல்தான்.

ஆடி விளம்பரத்தைப் பதிவு செய்தபோதே அதில் ஒரு கரகரப்பு இருந்தது. கேட்டவர்கள் அதுவும் நன்றாகத்தான் இருக்கிறது என்றார்கள். கரகரப்பு போகவில்லை. உடம்பும் இளைத்தது. வேலூரில் ஒரு டாக்டர் தொண்டைக்குள் குழாய் விட்டுப் பார்த்தார். குரல்நாணிலிருந்து ஒரு துணுக்கை வெட்டிப் பரிசோதனைக்கு அனுப்பினார்.

"புண் ஆர்ற வரைக்கும் பேசவே கூடாது. கிசுகிசுன்னு கூட வேணாம், அதான் இன்னும் மோசம்" என்றார் அவர்.

தொண்டையில் இரண்டு மெல்லிய தசை மடிப்புகள் உதடுகள் மாதிரி இருக்கின்றன. சாதாரணமாகப் பேசும்போது அவை லேசாக ஒட்டி ஒட்டி விலகுகின்றன. கிசுகிசுக்கும்போது அப்படி ஒட்டுவதில்லை. விறைப்பாக, ஓர் இடைவெளியோடு நிற்கின்றன. காற்று அவற்றை உரசிக்கொண்டு போகிறது. மெதுவாகப் பேசுவது தொண்டைக்கு ஓய்வு என்று நாம் நினைக்கிறோம். தொண்டைக்கு அது இழுபறி.

டாக்டர் அன்றைக்கே இன்னொன்றையும் சொல்லிவிட்டார். "ரிசல்ட் வேற மாதிரி வந்தா குரல்பெட்டியை எடுத்துடணும். எடுத்துட்டா நல்லா இருக்க வாய்ப்பு ஜாஸ்தி. குரல் போயிடும். அப்படி வந்தா ஆபரேஷனுக்குச் சரிதானே?"

புகழேந்தி தலையை மேலும் கீழும் ஆட்டவில்லை. பக்கவாட்டிலும் ஆட்டவில்லை. எழுந்து வெளியே போய், ஆஸ்பத்திரி வாசலில் ஒரு இளநீர்க்காரர் சீவுவதைப் பார்த்துக்கொண்டு நின்றார். அன்று முதல் ரேணுகாம்பாள் அந்த ஒரு தலையாட்டலுக்காகக் காத்திருந்தாள்.

வீட்டில் அவளும் பேசுவதை நிறுத்திவிட்டாள். அதற்கு ஒரு காரணம் இருந்தது. வேலூரிலிருந்து வந்த அன்று சமையலறையிலிருந்து, "மோர் ஊத்தட்டுமா?" என்று கேட்டாள். அவர் "ஊத்து" என்று சொல்லிவிட்டார். சொன்ன பிறகுதான் இருவருக்கும் உறைத்தது. வாழ்நாளெல்லாம் பேசிப் பிழைத்த தொண்டை. கேள்வி காதில் விழுந்தால் பதில் தானாகக் கிளம்பிவிடும். பதிலைத் தடுக்க வேண்டுமானால் கேள்வியைத்தான் நிறுத்த வேண்டும். அதனால் அவள் கேட்பதை விட்டாள்.

போனில் எழுதிக் காட்டியும் பார்த்தார்கள். புகழேந்தி ஒற்றை விரலால் எழுத்தைத் தேடித் தேடித் தட்டுவார். ரேணுகாம்பாள் மூக்குக்கண்ணாடியைத் தேடி எடுத்து மாட்டுவாள். அவள் வாசித்துவிட்டு நிமிரும்போது அவருக்குக் கோபம் ஆறியிருக்கும்; அவளுக்கு அப்போதுதான் தொடங்கும். எழுத்தில் சண்டை போட முடியாது என்று கண்டுகொண்டு அதையும் விட்டார்கள்.

இந்த நிலைமையில்தான் அவள் ஒரு மத்தியானம் தனியாகத் தேரடித் தெருவுக்குப் பஸ் ஏறிப் போய், மூன்று சட்டைக்குக் காசு கொடுத்து ஆறு சட்டைகளோடு வந்தாள். அவருடைய பழைய சட்டைகளில் காலருக்கும் கழுத்துக்கும் நடுவே இப்போது இரண்டு விரல் போகும். அது ஒரு காரணம். உண்மையான காரணம் வேறு. ஆறு சட்டை என்பது ஒரு மனிதன் இரண்டு மூன்று வருஷம் உடுத்துகிற துணி. அவர் அவற்றை வாங்கி அலமாரியில் வைத்துக்கொண்டால், ஆபரேஷனுக்குச் சம்மதம் என்று அவள் எடுத்துக்கொள்வாள். இதை அவள் யாரிடமும் சொல்லவில்லை. ஆனால் பையைப் பிரித்த உடனே புகழேந்திக்குப் புரிந்துவிட்டது.

அவர் ஒரு கையில் ஐந்து விரலையும் மறுகையில் ஒரு விரலையும் காட்டினார். பிறகு பேன்ட் பாக்கெட்டுகள் இரண்டையும் வெளியே இழுத்துத் தொங்கவிட்டார். வேலைக்குப் போகாதவனுக்கு ஆறா என்று அர்த்தம்.

ரேணுகாம்பாள் அவருடைய பழைய சட்டை ஒன்றை எடுத்துவந்து துடைப்பக் கட்டைக்கு மாட்டி, பட்டன் போட்டு, சுவரில் சாய்த்து வைத்தாள். நீங்கள் இப்படித்தான் இருக்கிறீர்கள். துடைப்பம் சரிந்து விழுந்தது. அவள் அதை நிமிர்த்தி வைத்தாள். மறுபடி விழுந்தது. புகழேந்திக்குச் சிரிப்பு வந்தது. சிரித்தாலும் தொண்டை அசையும் என்பதால் வாயைப் பொத்திக்கொண்டார்.

பிறகு அவர் பீரோவைத் திறந்து அவளுடைய புடவைகளை ஒவ்வொன்றாகக் கட்டிலில் போட்டார். இத்தனை இருக்கும்போது உனக்குத் துணி ஆசை அடங்கவில்லையா? அவள் அமைதியாக அந்தக் குவியலிலிருந்து பாதிக்கு மேல் பிரித்தெடுத்து அவர் பக்கம் தள்ளினாள். அவை தடிதடியான சிந்தெடிக் புடவைகள். பீரோவுக்குள் எதிரொலி அடங்குவதற்காக அவரே தள்ளுபடியில் வாங்கிப் போட்டவை. அவள் ஒரு நாளும் கட்டாதவை. அவர் தோற்றுப்போய் எல்லாவற்றையும் திரும்பவும் மாட்டினார்.

ஆனால் சட்டைகளை மட்டும் விடவில்லை. பில்லைப் பத்திரமாகச் சட்டைப்பைக்குள் வைத்துக்கொண்டார். கடை திரும்ப எடுத்துக்கொள்ள வேண்டுமானால் அட்டைச் சீட்டு அறுபடக் கூடாது. மடிப்பு கலையக் கூடாது. எல்லாவற்றுக்கும் மேலாக, மஞ்சள் படக் கூடாது.

அங்கேதான் சிக்கல். புதுத் துணி வீட்டுக்கு வந்தால் அதன் ஓரத்தில் ஒரு துளி மஞ்சள் குழைத்து வைத்த பிறகுதான் உடுத்துவார்கள். மஞ்சள் வைக்காத புதுத் துணிக்குக் கோடி என்று பெயர். கோடி இறந்தவர் மேல் போர்த்துவது. ஒரே கடை, ஒரே நெசவு, ஒரே விலை. இருப்பவருக்கும் போனவருக்கும் நடுவே அந்த ஒரு துளிதான் வித்தியாசம். மஞ்சள் வைத்தால் கடைக்காரர் எடுத்துக்கொள்ள மாட்டார். வைக்காவிட்டால் வீட்டுக்குள் ஆறு கோடித் துணி கிடக்கிறது. ரேணுகாம்பாளால் அந்த அறையில் தூங்க முடியவில்லை.

அவர் குளிக்கப் போன நேரத்தில் அவள் ஒரு சட்டையின் அடி ஓரத்தில் மஞ்சள் வைத்துவிட்டாள். புகழேந்தி வந்து பார்த்தார். சோப்புப் போட்டுத் துவைக்க முடியாது. சோப்பில் இருக்கும் காரம் பட்டால் மஞ்சள் ரத்தச் சிவப்பாக மாறும், புதுத் துணி பழசாகவும் போகும். ஆனால் மஞ்சளுக்கு ஒரு பலவீனம் உண்டு. வெயில் தாங்காது. எத்தனை அழுத்தமான மஞ்சள் கறையும் நல்ல வெயிலில் கிடந்தால் வெளுத்துவிடும். அவர் சட்டையை மடிப்புக் கலையாமல் மொட்டை மாடிக்கு எடுத்துப்போய், அந்த ஓரத்தை மட்டும் வெயிலில் நீட்டி, மீதியைத் துண்டால் மூடி, மேலே செங்கல் வைத்துவிட்டு வந்தார்.

அவள் மேலே போய் அதைத் தண்ணீர்த் தொட்டியின் நிழலுக்கு நகர்த்தினாள். அவர் போய் வெயிலுக்கு நகர்த்தினார். தொட்டியின் நிழலும் சும்மா இருக்கவில்லை, அதுவும் நகர்ந்தது. படிக்கட்டில் ஒருவரையொருவர் கடக்கும்போது சுவரோடு ஒதுங்கி வழிவிட்டுக்கொண்டார்கள். சாயங்காலத்துக்குள் மஞ்சள் முக்கால்வாசி போய்விட்டது. மறுநாள் அவள் அதே இடத்தில் மறுபடி வைத்தாள். அவர் மறுபடி வெயிலுக்குக் கொண்டுபோனார்.

கீழ் வீட்டில் இருந்த எல்லம்மாள்தான் வீட்டுக்குச் சொந்தக்காரி. குழாயடியில் ரேணுகாம்பாளைப் பிடித்துக்கொண்டாள்.

"இன்னாடி ரேணுகா, மாடியில சத்தத்தையே காணோம். படிக்கட்டுல மட்டும் தடதடன்னு ஏறி எறங்கறீங்க. சண்டையா?"

"சண்டைதான்கா."

"வாயத் தொறக்காம இன்னா சண்டை அது?"

"சட்டை வாங்கினேன். வேணான்றாரு."

"வேணான்றாரா? எங்க ஊட்டுக்காரருக்கு நான் ஒரு கர்ச்சீப் வாங்கினாக் கூட அத்த மோந்து பாத்து வெல கேப்பாரு. உங்க ஊட்டுக்காரரு தெருவெல்லாம் வாங்கு வாங்குன்னு ஊருக்கே சொல்றாரு, பொண்டாட்டி வாங்கினா மூஞ்சத் தூக்கி வெச்சிக்கிறாரா? அந்த வாயால ஊட்ல நாலு வார்த்த பேசினா கம்மியாய்டுமா?"

எல்லம்மாளுக்கு வேலூர் விஷயம் தெரியாது. ரேணுகாம்பாள் குடத்தைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டாள்.

"கம்மியாய்டும்கா" என்று சொல்லிவிட்டு மாடி ஏறினாள்.

அறைக்குள் புகழேந்தி ஜன்னலுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்தார். தெருவில் மணியின் ஆட்டோ போய்க்கொண்டிருந்தது. அவர் உதடுகள் அசைவதை அவள் பார்த்தாள். ஒவ்வொரு சொல்லுக்கும் சரியாக, சொல் சுவரில் மோதித் திரும்பும் அளவுக்கு நின்று நின்று, சத்தமில்லாமல் தன் குரலோடு கூடவே பேசிக்கொண்டிருந்தார். ஆட்டோ அடுத்த தெருவுக்குத் திரும்பிக் குரல் தேய்ந்த பிறகும் உதடுகள் கொஞ்ச நேரம் அசைந்தன. அவள் குடத்தை இறக்காமல் அப்படியே நின்றாள். அன்று மஞ்சள் வைக்கவில்லை.

பரிசோதனை முடிவு வந்துவிட்டதாக ஆஸ்பத்திரியிலிருந்து போன் வந்தது. இருவரும் முதல் பஸ்ஸில் வேலூர் போனார்கள். டாக்டர் சுற்றி வளைக்கவில்லை.

"புற்றுதான். குரல்பெட்டிக்கு வெளிய போகல. இப்பவே எடுத்துட்டா நல்லது."

அவர் ஒரு தாளில் படம் போட்டுக் காட்டினார். மூக்கிலிருந்தும் வாயிலிருந்தும் வரும் பாதை தொண்டையில் இரண்டாகப் பிரிகிறது: ஒன்று சாப்பாட்டுக்கு, ஒன்று காற்றுக்கு. குரல்பெட்டி காற்றுப் பாதையின் வாசலில் உட்கார்ந்திருக்கிறது. வாசலை எடுத்துவிட்டால் காற்றுக்கு வேறு வழி திறக்க வேண்டும்.

"கழுத்துல இந்த எடத்துல ஒரு துளை வெப்போம். மூச்சு இது வழியாத்தான், எப்பவும். இவ்ளோ நாள் மூக்கு தூசியப் புடிச்சு, காத்த ஈரமாக்கி அனுப்பிட்டிருந்தது. இனிமே அந்த வேலைய ஒரு துணிதான் செய்யணும். கழுத்துல கட்டிக்கணும். மெல்லிசா இருக்கணும், மூச்சு தடங்கலில்லாம போவணும்."

"பேச்சு?" என்று ரேணுகாம்பாள் கேட்டாள்.

"கருவி இருக்கு, பயிற்சி இருக்கு. ஏதோ பேசலாம்மா. அவரு குரலா இருக்காது." டாக்டர் புகழேந்தியைப் பார்த்தார். "யோசிச்சுச் சொல்லுங்க. ரொம்ப யோசிக்காதீங்க."

புகழேந்தி படம் போட்ட தாளைப் பார்த்துக்கொண்டே இருந்தார். தலை அசையவில்லை.

ஊர் திரும்பும் பஸ்ஸில் அவர் ஜன்னல் பக்கம் உட்கார்ந்தார். வழியெல்லாம் ரேணுகாம்பாள் அவர் முகத்தைப் பார்க்காமல் முன்சீட்டின் கம்பியைப் பார்த்துக்கொண்டு வந்தாள். வீட்டுக்கு வந்ததும் அவர் செருப்பைக் கூடக் கழற்றவில்லை. ஆறு சட்டைகளையும் கடைப் பைக்குள் அடுக்கினார், பில்லைத் தொட்டுப் பார்த்துக்கொண்டார், படி இறங்கினார். பதில் வந்துவிட்டது என்று நினைத்தாள். அவரைத் தனியாக விடவும் மனம் வராமல் பின்னாலேயே போனாள்.

பிறைநிலா ஜவுளியில் கல்லாவுக்குப் பக்கத்தில் மக்பூல் இருந்தார். கடையின் மூத்த விற்பனையாளர்.

"வாங்கண்ணே, வாங்கண்ணி. உங்க குரலால இந்த ஆடியில கால் வெக்க எடமில்ல. அடுத்து தீபாவளிக்கு எப்ப பதியலாம்னு முதலாளி கேட்டுட்டே இருக்காரு."

புகழேந்தி பையை மேஜை மேல் வைத்துத் தள்ளினார். மக்பூல் ஒவ்வொரு சட்டையாகப் புரட்டினார். ஒன்றை மட்டும் விளக்குக்கு நேரே பிடித்தார்.

"அண்ணி மஞ்சள் வெச்சிருக்காங்க. அண்ணன் வெயில்ல போட்டிருக்காரு. சரி, இது இலவசத்துல வந்ததா இருக்கட்டும், நீங்களே வெச்சிக்குங்க. மீதி எடுத்துக்கறேன். ஆனா காசா தர முடியாதுண்ணே. வேற துணியா மாத்திக்கலாம்."

புகழேந்தி பில்லைத் தட்டிக் காட்டினார், உள்ளங்கையை நீட்டினார். காசு.

"அண்ணே, நீங்களே சொல்லியிருக்கீங்களே." மக்பூல் தன் போனில் விளம்பரத்தை ஓடவிட்டார். அள்ளிக்கிட்டுப் போங்க என்பதற்குப் பிறகு, ஒரே மூச்சில், கேட்பவர் காதில் நிற்காத வேகத்தில் அந்த வரி இருந்தது: விற்றபொருள்பணமாகத்திருப்பித்தரப்படமாட்டாதுமாற்றிக்கொள்ளலாம்.

புகழேந்தி திகைத்துப்போனார். அப்படிப்பட்ட வரிகளை வாசிக்கும்போது அறிவிப்பாளருக்கு அர்த்தம் மனதில் ஏறுவதில்லை. மூச்சு கடைசி எழுத்து வரை தாங்குமா என்பது மட்டும்தான் கவனம். ஆடி மாதம் முழுக்க ஊர் கேட்ட வரியை அவர் காது கொடுத்துக் கேட்டதே இல்லை.

"என்ன வேணுமோ பாத்து எடுங்கண்ணே" என்றார் மக்பூல்.

அவர் கடைக்குள் நடந்தார். ரேணுகாம்பாள் கொஞ்சம் தள்ளி நின்றாள். புடவைப் பிரிவில் ஒரு பச்சைக் காட்டன் புடவையைத் தொட்டு அவளைத் திரும்பிப் பார்த்தார். அவள் உடனே முகத்தைத் திருப்பிக்கொண்டாள். இப்போது அவர் அவளுக்கு வாங்கிக் கொடுத்தால் அது நினைவுக்கு வைத்துவிட்டுப் போகிற பொருள். அவருக்கும் அது புரிந்திருக்க வேண்டும். கையை எடுத்துக்கொண்டார்.

பிறகு கடைக்கோடியில் வெள்ளைத் துணிக் கட்டுகள் அடுக்கியிருந்த இடத்துக்குப் போனார். ரேணுகாம்பாளுக்கு அந்த அடுக்கு தெரியும். சாவு வீட்டுக்காரர்கள் அவசரமாக வந்து, பேரம் பேசாமல், இவ்வளவு மீட்டர் என்று கிழித்து வாங்கிப் போகிற துணி அங்கேதான் இருக்கும். அவள் பக்கத்து மேஜையின் விளிம்பைப் பிடித்துக்கொண்டாள்.

புகழேந்தி ஒரு கட்டின் நுனியை இழுத்து, மூக்கையும் வாயையும் சேர்த்து மூடிக்கொண்டார். மூச்சை உள்ளே இழுத்தார். துணி உதட்டோடு ஒட்டியது. அதை விட்டுவிட்டு அடுத்ததை எடுத்தார். அதையும் மூடி இழுத்தார், ஊதினார், விரலால் தேய்த்துப் பார்த்தார். அதுவும் கனம். அடித்தட்டில் மெல்லிய மல் துணி ஒன்று இருந்தது. குனிந்து அதன் நுனியை உருவி மூடிக்கொண்டு மூச்சு விட்டார். துணி மெதுவாக உப்பியது, மெதுவாக உள்ளே அமுங்கியது. கண்ணை மூடிக்கொண்டு பல தடவை அப்படி மூச்சு விட்டார். பிறகு சட்டையின் மேல் பட்டனைக் கழற்றி, டாக்டர் விரல் வைத்துக் காட்டிய இடத்தில் அந்தத் துணியை வைத்துப் பிடித்துக்கொண்டு அவளைப் பார்த்தார்.

அவள் இத்தனை நாள் காத்திருந்த பதில் அதுதான். கிடைத்த பிறகு அது சந்தோஷமாக இல்லை. அந்த வாயிலிருந்து இனி ரேணு என்று கேட்கப்போவதில்லை; கடைசியாக அவர் தன்னிடம் சொன்ன சொல் 'ஊத்து' என்பதாகவே இருக்கப்போகிறது. அவள் முந்தானையால் முகத்தை அழுத்தித் துடைத்துக்கொண்டு அவர் பக்கத்தில் போய் நின்றாள்.

மக்பூல் அந்தத் துணிக்கட்டை மேஜைக்குக் கொண்டுவந்தார். எதற்கு என்று கேட்க வாயெடுத்தவர், அவர்கள் முகத்தைப் பார்த்துவிட்டு வேறு கேள்வி கேட்டார்.

"எத்தினி மீட்டர்ணே?"

புகழேந்தி இரண்டு விரலைக் காட்டினார். ரேணுகாம்பாள் இரண்டு கைகளையும் விரித்துப் பத்து விரலையும் காட்டினாள். அவர் தலையைப் பக்கவாட்டில் ஆட்டி, மறுபடி இரண்டு விரலைக் காட்டினார். ஆபரேஷன் ஆகட்டும், அப்புறம் பார்க்கலாம் என்று அர்த்தமாக இருக்கலாம். அவள் பத்து விரலையும் மூடி, மறுபடி விரித்தாள். மூடி, மறுபடி விரித்தாள்.

"சட்டைக் காசுக்கு முழுக் கட்டே வரும்ணே" என்றார் மக்பூல். "யாராச்சும் ஒருத்தர் வாயத் தொறந்து சொல்லுங்க."

ரேணுகாம்பாள் கட்டைத் தன் பக்கம் இழுத்தாள். புகழேந்தி மறுமுனையைப் பிடித்துக்கொண்டு விடாமல் இருந்தார். மக்பூல் கத்தரியை மேஜை மேல் வைத்துவிட்டு, மின்விசிறியை ஒரு சுற்று கூட்டி, ஸ்டூலில் உட்கார்ந்தார்.